விற்க முடியாத முதுசம்

2007ஆம் ஆண்டு ஒக்டோபர் மாதம் நியூயோர்க் நகரத்தில் இலியானா சொன்னபெண்ட் என்ற அம்மையார் தனது 92ஆவது வயதில் இறந்துபோனார். ஓவியங்களை வாங்கி விற்கிற கலரி நடத்தியவர். அமெரிக்காவின் நவீன ஓவியர்கள் பலரை ஐரோப்பாவுக்கு அறிமுகப்படுத்தியதில் அவருக்குப் பெரிய பங்கு உண்டு. அவர் விட்டுப்போன ஓவியங்களும் சிற்பங்களும் மகளுக்கும் தத்துப்பிள்ளைக்கும் வந்து சேர்ந்தன. மொத்தப் பெறுமதி கிட்டத்தட்ட ஒரு பில்லியன் டொலர். இறந்தவரின் சொத்துக்கான வரியாகப் பிள்ளைகள் 471 மில்லியன் டொலர் கட்டினார்கள். அந்த வரியைக் கட்டுவதற்காகவே ஏராளமான ஓவியங்களை விற்கவேண்டி வந்தது.

அந்தக் குவியலில் ஒரு பொருளை மட்டும் விற்கமுடியாது. அதன் பெயர் 'கன்யன்'. ரொபேர்ட் ரவுஷன்பேர்க் 1959இல் செய்தது. பாதி ஓவியம், பாதி சிற்பம். எண்ணெய் வர்ணம், துணி, மட்டை, கலைஞரின் சின்ன மகனுடைய படம், கீழே கயிற்றில் தொங்குகிற ஒரு தலையணை. இவற்றுக்கு நடுவில், இறக்கையை விரித்தபடி பார்ப்பவரை நோக்கி நிற்கிறது பாடம்பண்ணிய ஒரு வெண்தலைக் கழுகு. உண்மையான கழுகு.

அமெரிக்கச் சட்டப்படி வெண்தலைக் கழுகை விற்கக்கூடாது. உயிரோடு இருப்பதையும் விற்கக்கூடாது, செத்ததையும் விற்கக்கூடாது. ஒரு இறகைக்கூட விற்கக்கூடாது. மீறினால் சிறைக்குப் போகலாம். ஆகவே பிள்ளைகள் அமர்த்திய மதிப்பீட்டாளர்கள் மூவரும், கிறிஸ்டிஸ் ஏல நிறுவனம் உட்பட, 'கன்யன்' இன் பெறுமதி பூச்சியம் என்று எழுதிக்கொடுத்தார்கள். சந்தையே இல்லாத பொருளுக்கு என்ன விலை? அமெரிக்க இறைவரித் திணைக்களம் அதை ஏற்கவில்லை. பெறுமதி 65 மில்லியன் டொலர் என்றது. அதற்கு வரி 29.2 மில்லியன். பெறுமதியைக் குறைத்துக் காட்டினதற்குத் தண்டம் வேறு, 11.7 மில்லியன்.

வித்தால் மறியல், வச்சிருந்தால் வரி. என்ன செய்யிறது?

இந்தக் கதையை முதலில் வாசித்தபோது எங்களுக்குச் சிரிப்புத்தான் வந்தது. பில்லியன் டொலர்க்காரரின்ர கவலை எங்களுக்கு என்னத்துக்கு எண்டும் நினைச்சம். ஆனால் அந்தக் கழுகைப் பின்தொடர்ந்து கொஞ்சத் தூரம் போனபோது சிரிப்பு நின்றுவிட்டது. ஏனென்றால், அதே சட்டத்தின் மறுமுனையில் வேறு ஆட்கள் நிற்கிறார்கள். தன்னுடைய ஒரேயொரு கழுகிறகைப் பேரப்பிள்ளைக்குக் கொடுத்துவிட்டுச் சாகலாமா என்று கேட்கிற பூர்வகுடிக் கிழவிகள், கிழவர்கள். இரண்டு கேள்வியும் ஒரே கேள்வியின் இரண்டு பக்கங்கள். விற்க முடியாததை விட்டுச்செல்ல முடியுமா? முடியுமென்றால், யாருக்கு?

முதுசம் என்ற சொல்

இந்தக் கேள்விக்குள் போக முதல் எங்களிடம் இருக்கிற ஒரு சொல்லை எடுத்துக்கொள்வோம். 1707இல் ஒல்லாந்தர் எழுத்தில் ஏற்றிய யாழ்ப்பாணத்துத் தேசவழமை சொத்தை ஒரே சாமானாகப் பார்ப்பதில்லை. தாய் தகப்பன் வழியாக வருவது முதுசம். கலியாணத்தில் பெண்ணுக்குக் கொடுப்பது சீதனம். புருசன் பெண்சாதி சேர்ந்து உழைத்துத் தேடுவது தேடியதேட்டம். ஒரு காணி எப்படிக் கைக்கு வந்தது என்பதைப் பொறுத்து அதை வைத்து என்ன செய்யலாம் என்பதும் மாறும். பங்குக்காணியை வெளியாளுக்கு விற்க நினைக்கிறவர் முதலில் பங்காளிகளைக் கேட்கவேண்டும். முன்வாங்குரிமை என்று சட்டத்தரணிகள் சொல்வது இதைத்தான்.

ஆகவே 'என்ர சொத்து, நான் நினைச்சதைச் செய்வன்' என்பது எங்கள் ஊரிலும் முழு உண்மையாக இருந்ததில்லை. சொந்தம் என்பது பல உரிமைகள் சேர்ந்த ஒரு கட்டு. வைத்திருக்கிற உரிமை, பாவிக்கிற உரிமை, விற்கிற உரிமை, இனாமாகக் கொடுக்கிற உரிமை, செத்தபிறகு பிள்ளைகளுக்குப் போகிற உரிமை. உறுதி பெட்டிக்குள், காணி முள்ளுக்கம்பிக்கு அந்தப் பக்கம் என்ற நிலையைக் கண்டவர்களுக்கு இதை நாங்கள் விளக்கத் தேவையில்லை. கட்டிலிருந்து ஒன்றை உருவினாலும் மற்றவை பெயரளவில் அப்படியே இருக்கும்.

அமெரிக்கக் கழுகுச் சட்டத்தின் வரலாறு, அந்தக் கட்டிலிருந்து எதை உருவலாம், எதை உருவக்கூடாது என்ற வழக்கின் வரலாறுதான்.

சின்னமும் சன்மானமும்

1782இல் அமெரிக்கா தனது அரச முத்திரையில் வெண்தலைக் கழுகைப் பதித்தது. முத்திரையில் இருந்த மரியாதை வானத்தில் பறந்த கழுகுக்குக் கிடைக்கவில்லை. ஆட்டுக்குட்டி தூக்குது, மீன் பிடிக்குது என்று பண்ணைக்காரரும் மீனவரும் சுட்டுத்தள்ளினார்கள். அலாஸ்காவில் 1917 தொடக்கம் அரசாங்கமே காசு கொடுத்துக் கொல்லவைத்தது. சல்மன் மீனுக்கும் நரிப் பண்ணைகளுக்கும் கழுகால் நட்டம் என்பது காரணம். 1953இல் அது நிற்கும்வரை ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட கழுகுகளுக்குச் சன்மானம் கொடுபட்டது.

இதற்கு நடுவில், 1940 ஜூன் 8ஆம் தேதி, வெண்தலைக் கழுகுப் பாதுகாப்புச் சட்டம் வந்தது. இந்தப் பறவை நாட்டின் சுதந்திர இலட்சியத்துக்கே அடையாளம் என்று சட்டத்தின் முகவுரை சொன்னது. அலாஸ்காவை மட்டும் சட்டம் தொடவில்லை. அடையாளம் ஒருபக்கம், சல்மன் வியாபாரம் ஒருபக்கம்.

சட்டம் தடை செய்தவற்றின் பட்டியல் நீளமானது. கொல்லக்கூடாது, பிடிக்கக்கூடாது, வைத்திருக்கக்கூடாது, விற்கக்கூடாது, வாங்கக்கூடாது, பண்டமாற்றுச் செய்யக்கூடாது, ஏற்றுமதி இறக்குமதி கூடாது. முழுப் பறவைக்கு மட்டுமல்ல, இறகு, நகம், முட்டை, கூடு எல்லாவற்றுக்கும் இது பொருந்தும். ஆனால் ஒரு நடைமுறைப் பிரச்சினை இருந்தது. 1940க்கு முதலே எத்தனையோ வீடுகளின் சுவரில் பாடம்பண்ணிய கழுகு நின்றது. எத்தனையோ பெட்டிகளுக்குள் இறகுத் தலைப்பாகைகள் இருந்தன. அவர்களை எல்லாம் ஒரே இரவில் குற்றவாளியாக்க முடியாது. ஆகவே சட்டம் திகதி வைத்துக் கோடு கீறியது. அந்த நாளுக்கு முதல் செத்த கழுகு என்றால் வைத்திருக்கலாம், கொண்டுபோகலாம். விற்கமட்டும் முடியாது.

பழசை விற்க ஏன் விடவில்லை? காரணம் எளிமையானது. 1930இல் செத்த கழுகின் இறகையும் போன கிழமை சுட்ட கழுகின் இறகையும் பக்கத்தில் வைத்தால் கண்ணால் பிரித்தறிய முடியாது. பழைய இறகுக்குச் சந்தை திறந்தால் புது இறகும் 'இது எங்கட பாட்டன்ர காலத்தது' என்ற கதையோடு அதே சந்தைக்கு வந்துவிடும். யானைத்தந்தம் தொடக்கம் ஆமையோடு வரைக்கும், பழசு என்ற பெயரில் புதுசு விற்கப்படுவது உலகம் முழுக்கத் தெரிந்த கதை.

1962இல் சட்டம் பொற்கழுகுக்கும் விரிந்தது. வெண்தலைக் கழுகுக்குத் தலை வெளுக்க நாலைந்து வருடம் எடுக்கும். அதுவரை குஞ்சைப் பார்த்தால் பொற்கழுகு மாதிரித்தான் இருக்கும். தெரியாமல் சுட்டுவிட்டேன் என்று சொல்லுகிற வழியை அடைக்கவேண்டி இருந்தது. அதே திருத்தத்தில்தான், பூர்வகுடிகளின் சமயத் தேவைக்கு அனுமதிப்பத்திரம் கொடுக்கலாம் என்ற வரியும் முதன்முதலாகச் சேர்ந்தது. கழுகிறகை வணக்கத்தின் நடுவில் வைத்திருந்த மக்களைச் சட்டம் நினைத்துப் பார்க்க 22 வருடம் எடுத்திருக்கிறது.

ஒரு ஈர்க்கை உருவினால்

1970களில் பூர்வகுடிகளின் பழைய கைப்பொருட்களை வாங்கி விற்கிற வியாபாரிகள் சிலர்மீது வழக்குப் போடப்பட்டது. அவர்கள் விற்ற பொருட்களில் கழுகிறகு இருந்தது. அவர்களோடு வேறு வியாபாரிகளும் சேர்ந்து திருப்பிக் கேட்டார்கள்: சட்டம் வர முதலே நியாயமாக எங்கள் கைக்கு வந்த சாமான் இது, இப்போது விற்காதே என்றால் அரசாங்கம் எங்கள் சொத்தைப் பறித்துவிட்டது என்றுதானே அர்த்தம், பறித்தால் நட்டஈடு எங்கே?

வழக்கு நாட்டின் உச்ச நீதிமன்றம்வரை போனது. 'அன்ட்ரஸ் எதிர் அலார்ட்' என்று பெயர். 1979 நவம்பரில் நீதியரசர் பிரெனன் எழுதிய தீர்ப்பு அரசாங்கத்தின் பக்கம் நின்றது. அதன் சாரம் இதுதான். சொத்து என்பது உரிமைகளின் கட்டு. அதிலிருந்து ஒன்றை எடுத்ததால் சொத்தையே பறித்ததாகாது. வியாபாரிகள் இன்னமும் அந்தப் பொருட்களை வைத்திருக்கலாம், கொண்டுபோகலாம், அன்பளிப்பாகக் கொடுக்கலாம், மரணசாசனம் எழுதி விட்டுச்செல்லலாம். காட்சிக்கு வைத்துக் கட்டணம்கூட அறவிடலாம். இலாபம் போனது உண்மை, சொத்துப் போகவில்லை.

நாங்கள் இதை விளக்குமாற்றை வைத்து விளங்கிக்கொண்டோம். ஒரு ஈர்க்கை உருவினாலும் விளக்குமாறு விளக்குமாறுதான். சரி, எத்தனை ஈர்க்கை உருவினால் அது விளக்குமாறு இல்லாமல் போகும்?

அதற்கு எட்டு வருடம் கழித்து இன்னொரு வழக்கில் ஒரு பதில் வந்தது. அது கழுகைப் பற்றியதில்லை, காணியைப் பற்றியது. 19ஆம் நூற்றாண்டின் கடைசியில் அமெரிக்கா பூர்வகுடிகளின் பொதுநிலத்தைத் தனித்தனித் துண்டாக்கி ஆட்களுக்குப் பிரித்துக்கொடுத்தது. தலைமுறை தலைமுறையாகப் பங்கு பிரிந்து, துண்டு துணுக்காகி, கடைசியில் துணுக்கும் தூளானது. தீர்ப்பில் உதாரணமாகச் சொல்லப்பட்ட ஒரு காணி 40 ஏக்கர். உரித்தாளிகள் 439 பேர். அதில் மூன்றில் ஒரு பங்கினருக்கு வருடத்துக்கு ஐந்து சதத்துக்கும் குறைவான வாடகை. எங்கட ஊர்ப் பங்குக்கிணறுகள் இதுக்குக் கிட்ட நிக்கேலாது.

இதைத் தீர்க்க 1983இல் காங்கிரஸ் ஒரு சட்டம் போட்டது. மிகச் சிறிய பங்குகள் பிள்ளைகளுக்குப் போகாது, சாவோடு அந்தப் பூர்வகுடிச் சமூகத்தின் பொதுச் சொத்தாகிவிடும், நட்டஈடும் இல்லை. 1987இல் 'ஹோடல் எதிர் இர்விங்' வழக்கில் உச்ச நீதிமன்றம் அதைச் செல்லாது என்றது. பெறுமதி ஐந்து சதமோ ஐந்து டொலரோ, பிள்ளைகளுக்கு விட்டுச்செல்கிற உரிமையை முழுதாகத் துடைத்தெறிவது பறிப்புத்தான் என்பது தீர்ப்பு.

இரண்டு தீர்ப்பையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். விற்கிற ஈர்க்கை உருவலாம். முதுசத்தின் ஈர்க்கை முழுதாக உருவ முடியாது. சந்தையைவிடச் சாவுக்கு மரியாதை கூட. நீதியரசர்களில் ஒருவரான ஸ்காலியா இந்த இரண்டு தீர்ப்பும் ஒன்றோடொன்று பொருந்தாது என்று அப்போதே எழுதினார். சட்டம் படிக்கிற நண்பர்கள் அதைப் பற்றிச் சண்டை பிடிக்கட்டும். எங்களுக்கு முக்கியமாகப்பட்டது வேறு. 'பிள்ளைகளுக்கு விட்டுச்செல்லலாம்' என்று சொன்னவுடனே அடுத்த கேள்வி வந்துவிடுகிறது. பிள்ளை என்றால் யார்?

இறகு யாருடையது

வட அமெரிக்கப் பூர்வகுடிகள் ஒரே மக்கள் இல்லை. நூற்றுக்கணக்கான சமூகங்கள், மொழிகள். ஆனாலும் அவர்களில் பலருக்குக் கழுகு வானத்துக்கும் மண்ணுக்கும் இடையில் போய்வருகிற பறவை. அதன் இறகைக் காசு கொடுத்து வாங்குவது பல சமூகங்களில் அவமரியாதை. அது ஒருவருக்குத் தரப்படுகிற சாமான். போரிலிருந்து திரும்பினவருக்கு, படிப்பை முடித்த பிள்ளைக்கு, பெயர்சூட்டுகிற சடங்கில், செத்தவரின் கையில். இப்படிப் பார்த்தால் விற்பனைத் தடை அவர்களுக்குப் பெரிய புதினமில்லை. விற்கக்கூடாது என்று அவர்களுடைய வழமை ஏற்கெனவே சொல்லிவிட்டது.

இடித்தது வைத்திருக்கக்கூடாது என்ற தடைதான். அந்த மக்களுக்கு இது முதல் தடையும் இல்லை. 1883இல் வந்த விதிகள் அவர்களுடைய சூரிய நடனம் முதலிய சடங்குகளையே குற்றமாக்கியிருந்தன. சடங்கைத் தடைசெய்த அதே காலத்தில், சடங்கின் பொருட்கள் சேகரிப்பாளர்களின் அலுமாரிக்கும் நூதனசாலைகளுக்கும் போய்க்கொண்டிருந்தன. கழுகை அழித்தது அவர்கள் அல்ல. கழுகைக் காக்க வந்த சட்டம் அவர்களுடைய பெட்டியைத் திறந்து பார்த்தது.

1975இல் உள்துறைச் செயலாளர் மோர்ட்டன் ஒரு கொள்கை அறிக்கை வெளியிட்டார். பூர்வகுடிகள் கழுகிறகை வைத்திருக்கலாம், அணியலாம், தங்களுக்குள் கொடுக்கலாம், மாற்றலாம், காசு மட்டும் கைமாறக்கூடாது. 2012இல் நீதித் திணைக்களம் அதே கருத்தை இன்னும் தெளிவாக எழுத்தில் போட்டது.

புதிதாக இறகு தேவை என்றால் அதற்கும் ஒரு இடம் இருக்கிறது. கொலராடோ மாநிலத்தில் டென்வருக்குப் பக்கத்தில் உள்ள தேசியக் கழுகுக் களஞ்சியம். மின்கம்பியில் அடிபட்டு, வாகனம் மோதி, நோய் வந்து செத்த கழுகுகள் நாடு முழுவதிலும் இருந்து அங்கே போகின்றன. விண்ணப்பம் போட்டால் இலவசமாக அனுப்புவார்கள். 18 வயது முடிந்திருக்கவேண்டும், கூட்டாட்சி அரசு அங்கீகரித்த சமூகமொன்றின் பதிவேட்டில் பெயர் இருக்கவேண்டும். முழுப்பறவை கேட்டால் வருடக்கணக்கில் காத்திருக்கவேண்டும். சாமி கும்பிட அரசாங்கத்துக்கு விண்ணப்பம் போட்டுவிட்டு வரிசையில் நிற்கிற நிலை.

இப்படிக் கிடைத்த இறகைக் குடும்பத்துக்குள் தலைமுறை தலைமுறையாகக் கொடுக்கலாம், ஒரு பூர்வகுடி இன்னொரு பூர்வகுடிக்குக் கொடுக்கலாம். பூர்வகுடி அல்லாதவருக்குக் கொடுக்கக்கூடாது. வாசிக்க நேர்மையான விதி மாதிரித்தான் இருக்கிறது.

இப்போது ஒரு அம்மம்மாவைக் கற்பனை செய்யுங்கள். பதிவேட்டில் பெயர் உள்ளவர். அவருடைய மகள் வேறு சமூகத்தைச் சேர்ந்த ஒருவரைக் கலியாணம் செய்கிறார். பேத்தி கலப்பில் பிறந்தவரை முடிக்கிறார். பல சமூகங்களின் பதிவேட்டில் சேர இரத்தத்தில் குறிப்பிட்ட பங்கு, உதாரணத்துக்குக் காற்பங்கு, அந்தச் சமூகத்தினுடையதாக இருக்கவேண்டும். இந்த இரத்தக் கணக்கை நிர்வாகத்துக்குள் ஆழமாக வேரூன்றவைத்ததில் அமெரிக்க அரசுக்கே பெரிய பங்கு உண்டு. பூட்டப்பிள்ளை அம்மம்மாவின் மடியிலேயே வளர்ந்திருக்கலாம், அந்த மொழியைக் கதைக்கலாம், நடனத்தை ஆடலாம். கணக்கில் காற்பங்குக்குக் கீழே போனால் பதிவேட்டில் பெயர் இல்லை. பெயர் இல்லாவிட்டால் இறகும் இல்லை.

இன்னொரு பக்கத்தையும் பாருங்கள். அதே பெட்டிக்குள் 1940க்கு முதல் செத்த வெண்தலைக் கழுகின் இறகு ஒன்று இருந்தால் அதை யாருக்கும் விட்டுச்செல்லலாம். இரத்தமும் கேட்கமாட்டார்கள், பதிவும் கேட்கமாட்டார்கள். அது 1940க்கு முதலானது என்று காட்டவேண்டும், அவ்வளவுதான். இறகுக்குப் பிறப்புச் சான்றிதழ் எங்கே இருக்கு?

அங்கீகாரமே கிடைக்காத சமூகங்களின் நிலை இன்னும் சிக்கல். பட்டியலில் 570க்கும் மேற்பட்ட சமூகங்கள் இருக்கின்றன. டெக்சாஸின் லிபான் அப்பாச்சி மக்கள் அதில் இல்லை. அவர்களில் ஒருவர் ரொபேர்ட் சோட்டோ, பாதிரியார், இறகு அணிந்து ஆடுகிற நடனக்காரர். 2006 மார்ச்சில் மக்அலன் நகரத்தில் நடந்த ஒரு நடனக்கூடலுக்குள் கூட்டாட்சி வனவிலங்கு அதிகாரி ஒருவர் வந்து, சோட்டோவின் பட்டியல் நிலையை விசாரித்து, கழுகிறகுகளைப் பறிமுதல் செய்தார். வழக்கு வருடக்கணக்கில் இழுபட்டது. 2014இல் மேன்முறையீட்டு நீதிமன்றம் அவருடைய சமயச் சுதந்திர வாதத்துக்குச் சாதகமாகத் தீர்ப்பளித்தது. 2015இல் இறகுகள் திரும்பி வந்தன. 2016இல் வந்த இணக்கப்படி சோட்டோவும் அவரோடு சேர்ந்த சில நூறு பேரும் இறகு வைத்திருக்கலாம். பத்து வருடம். இறகு அதே இறகு, ஆள் அதே ஆள். மாறினது கடதாசி மட்டும்தான்.

மீண்டும் அந்தக் கழுகு

'கன்யன்' இல் நிற்கிற கழுகுக்கும் ஒரு முதுசக் கதை இருக்கிறது. நியூயோர்க்கின் கார்னெகி மண்டபக் கட்டடத்தில் இருந்த ஒரு முதியவருடைய கழுகு அது. 1898 ஸ்பானிய யுத்தத்தில் தியடோர் ரூஸ்வெல்ட்டின் குதிரைப்படையில் இருந்தவர் என்று சொல்லப்படுகிறது. அவரே சுட்டுப் பாடம்பண்ணி வைத்திருந்தாராம். அவர் செத்தபிறகு சாமான்கள் வெளியே வீசப்பட்டபோது, அதே கட்டடத்தில் இருந்த சாரி டீன்ஸ் என்ற ஓவியர் கழுகை எடுத்து ரவுஷன்பேர்க்கிடம் கொடுத்தார். வாரிசு எவரும் எடுத்துக்கொள்ளாத பறவை, குப்பைக்குப் போகிற வழியில் கலையானது.

பிற்காலத்தில் வனவிலங்கு அதிகாரிகள் கேள்வி கேட்டபோது, இந்தக் கழுகு 1940க்கு முதலே செத்தது என்று 1998இல் ரவுஷன்பேர்க் நொத்தாரிசு முன்னிலையில் எழுதிக்கொடுத்தார். அந்த ஒரு சத்தியக்கடதாசியால்தான் சொன்னபெண்ட் அதைத் தொடர்ந்து வைத்திருக்க முடிந்தது. 2005இலிருந்து மெற்றோபொலிற்றன் அருங்காட்சியகத்தில் அது இரவலாக நின்றது.

ஆகவே பிள்ளைகளுக்கு அது சட்டப்படி வந்த முதுசம். 1979 தீர்ப்பு சொன்ன எல்லா ஈர்க்கும் அவர்கள் கையில் இருந்தது, விற்கிற ஈர்க்கைத் தவிர. ஆனால் வரி அந்த இல்லாத ஈர்க்கின்மேல்தான் விழுந்தது. வரிச் சட்டத்தின் கணக்கில் பெறுமதி என்பது, விரும்பி விற்பவரும் விரும்பி வாங்குபவரும் சம்மதிக்கிற விலை. சட்டப்படி அந்த இரண்டு பேருமே இல்லாதபோது? கள்ளச்சந்தையிலாவது யாராவது ஒரு பணக்காரர் வாங்கி ஒளித்துவைக்கலாம்தானே என்று திணைக்களத் தரப்பு வாதிட்டதாகக் குடும்பத்தின் சட்டத்தரணி பத்திரிகைக்குச் சொன்னார். ஒரு திணைக்களம் விற்றால் குற்றம் என்கிறது. மற்றத் திணைக்களம் அந்தக் குற்றத்தின் விலையைக் கணக்குப் பண்ணி வரி கேட்கிறது.

2012இல் இணக்கம் வந்தது. பிள்ளைகள் 'கன்யன்' ஐ நியூயோர்க் நவீன கலை அருங்காட்சியகத்துக்கு இனாமாகக் கொடுத்தார்கள். அதற்காக வரிக்கழிவு எதுவும் கேட்கவில்லை. திணைக்களம் வரிக் கோரிக்கையைக் கைவிட்டது. விற்கமுடியாத பொருள் கடைசியில் எல்லாரும் பார்க்கிற சுவருக்கு வந்து சேர்ந்தது. காட்சிக்கு வைக்கலாம் என்று 1979இல் நீதிமன்றம் சொன்ன ஈர்க்கு, 33 வருடம் கழித்து இப்படிப் பயன்பட்டது.

எங்கள் பக்கத்துக் கணக்கு

விற்பனைத் தடை பிழையா? நாங்கள் அப்படி நினைக்கவில்லை. 1963இல் அலாஸ்காவுக்கு வெளியே, அமெரிக்காவின் 48 மாநிலங்களில் கூடுகட்டிய வெண்தலைக் கழுகுச் சோடிகள் ஐந்நூறுக்கும் குறைவு. துப்பாக்கியோடு டிடிடி மருந்தும் சேர்ந்து முட்டையோட்டை மெலிதாக்கி இனத்தையே முடிக்கப் பார்த்தது. 1972இல் டிடிடி தடைசெய்யப்பட்டது. 2007இல் கிட்டத்தட்ட பத்தாயிரம் சோடி. 2021இல் வெளியான கணக்கெடுப்பின்படி மூன்று லட்சத்துக்கும் மேற்பட்ட பறவைகள். மருந்துத் தடைக்கும் இதில் பெரிய பங்கு உண்டு. ஆனால் கழுகு ஒரு விலைச்சாமானாகத் தொடர்ந்திருந்தால் இந்த எண்ணிக்கை வந்திருக்குமா என்று கேட்டால், வந்திருக்காது என்பதுதான் எங்கள் பதில். 2024 டிசம்பரில்தான் அது சட்டப்படி அமெரிக்காவின் தேசியப் பறவையானது. முத்திரையில் ஏறி 242 வருடத்துக்குப் பிறகு.

எங்களுக்கு இடிக்கிறது விற்பனைத் தடை இல்லை, அதற்குப் பிறகு மிஞ்சுகிற பகுதி. சந்தையை எடுத்துவிட்டால் மிஞ்சுவது உறவு. யார் யாருக்குப் பிள்ளை, யார் யாருக்குப் பேரன், எந்த மக்கள் எந்த மக்கள். அந்த இடத்தில் சட்டம் கையை எடுத்துவிட்டுப் போகவில்லை. உறவையும் பதிவேட்டில் பார்த்துத் தீர்மானிக்கிறது. பில்லியன் டொலர் வீட்டுப் பிள்ளைகளுக்கு ஒரு கடினமான கேள்வி வந்தது. அவர்களுக்குச் சட்டத்தரணிகள் இருந்தார்கள், பேசித்தீர்க்க அருங்காட்சியகம் இருந்தது, ஐந்து வருடத்தில் ஒரு நல்ல முடிவு வந்தது. காற்பங்குக்குக் கீழே போன பூட்டப்பிள்ளைக்கு அப்படி ஒரு மேசை கிடையாது.

முதுசம் என்று நாங்கள் சொல்லும்போது காணியை மட்டும் சொல்வதில்லை. ஒரு பாட்டை, ஒரு கைப்பக்குவத்தை, கோயிலில் ஒரு உரித்தை, ஒரு பெயரையும் அந்தச் சொல்லால்தான் சொல்கிறோம். அவற்றை விற்க ஏலாது, விற்க நினைக்கிறதுமில்லை. அப்படியானவற்றைக் கொடுக்கிறவர் இருக்கிறார், வாங்கிக்கொள்ளக் கையை நீட்டிக்கொண்டு ஒரு பிள்ளை நிற்கிறது. இரண்டுக்கும் நடுவில் ஒரு பதிவேடு திறந்து கிடக்கிறது.

அதில் யாருடைய பெயரை யார் எழுதுவது என்பதுதான் இன்னும் முடியாத வழக்கு.